எந்தப் பள்ளியில் படித்தீர்கள்?

பெல்ஃபாஸ்ட் நகரில் ஒரு பம்பாய் தெரு இருக்கிறது. அதை ஒட்டிக் காஷ்மீர் சாலை. கூப்பிடு தூரத்தில் கான்பூர் தெரு. ஆலைத் தொழிலாளர்களுக்கு அங்கே வரிசை வீடுகள் கட்டியவர்கள் பேரரசின் வரைபடத்தைப் பார்த்துப் பெயர் வைத்திருக்க வேண்டும். குடியிருந்தவர்களோ பெரும்பாலும் கத்தோலிக்க ஐரிஷ்காரர்கள், அந்தப் பேரரசோடு தலைமுறை தலைமுறையாகத் தீராத வழக்கு உள்ளவர்கள். 1969 ஆகஸ்ட் 15 அன்று பம்பாய் தெரு எரிந்தது. தேதி தற்செயல்தான். பெல்ஃபாஸ்டில் அன்று யாருக்கும் டெல்லியின் நினைவு வந்திருக்காது.

எரித்தவர்கள் வெகுதூரத்திலிருந்து வரவில்லை. கொல்லைப்புறத்துக்கு அந்தப் பக்கம் ஷாங்கில் சாலை, புராட்டஸ்டன்ட் பகுதி. இந்தப் பக்கம் ஃபால்ஸ் சாலை, கத்தோலிக்கப் பகுதி. இரண்டு பக்கமும் ஒரே மாதிரி செங்கல் வீடுகள், ஒரே மாதிரி வறுமை, ஒரே இழுவையில் பேசும் ஆங்கிலம். டெரி நகரில் ஓர் ஊர்வலத்தை ஒட்டி மூன்று நாட்களாக நடந்துகொண்டிருந்த கலவரம் பெல்ஃபாஸ்டுக்குப் பரவியபோது, பெட்ரோல் குண்டுகளோடு தெரு தாண்டி வந்தார்கள். அன்று சுடப்பட்டு இறந்தவர்களில் 15 வயதுப் பையன் ஒருவனும் உண்டு. அந்தக் கோடையில் பெல்ஃபாஸ்டில் வீட்டைவிட்டு ஓடிய குடும்பங்கள் 1,820 என்று பின்னால் விசாரித்த ஸ்கார்மன் நடுவர் குழு கணக்கெடுத்தது. அவற்றில் 1,505 கத்தோலிக்கக் குடும்பங்கள், மிச்சம் புராட்டஸ்டன்ட். சாமான்களைத் தள்ளுவண்டியில் ஏற்றிக்கொண்டு அவரவர் ‘நம்ம ஆட்கள்’ இருக்கும் பக்கம் போனார்கள். கலந்து வாழ்ந்த தெருக்கள் கலையத் தொடங்கின.

அடுத்த மாதமே பிரிட்டிஷ் இராணுவம் இரண்டு பகுதிக்கும் நடுவே தடுப்பு போட்டது. முள்கம்பிச் சுருள், நெளிதகரம். கொஞ்ச காலத்துக்குத்தான் என்று தளபதி சொன்னார். இன்றைக்கு அந்த இடத்தில் கீழே கான்கிரீட், அதன்மேல் எஃகுத் தகடு, அதற்கும் மேல் கம்பி வலை என்று மூன்று அடுக்காகச் சுவர் நிற்கிறது. திரும்பக் கட்டிய பம்பாய் தெரு வீடுகளின் கொல்லைப்புறம் முழுக்கக் கூண்டுபோலக் கம்பி வலை போர்த்தியிருக்கிறார்கள், சுவர் தாண்டி வரும் கல்லும் பாட்டிலும் உள்ளே விழாமலிருக்க. அந்தக் கூண்டுக்குக் கீழேதான் துணி காய்கிறது. சுற்றுலாப் பயணிகள் சுவரின் மறுபக்கத்தில் பேனாவால் அமைதி வாசகம் எழுதிவிட்டுப் போகிறார்கள்.

இந்தச் சண்டையைச் ‘சமயச் சண்டை’ என்று சொல்வது வழக்கம். எனக்கு அந்தச் சொல்லோடு நெடுநாளாகப் பிணக்கு. நற்கருணையில் அப்பம் உண்மையிலேயே ஆண்டவரின் உடலாகிறதா, வெறும் நினைவுச் சின்னமா என்பதற்காக அங்கே யாரும் யாரையும் சுடவில்லை. மாதாவை வணங்கலாமா கூடாதா என்று கேட்டுக் குண்டு வைத்தவர் இல்லை. இறையியலைப் பிடித்துக்கொண்டு கத்தியவர் இயன் பெய்ஸ்லி. 1988இல் ஐரோப்பிய நாடாளுமன்றத்தில் போப் இரண்டாம் ஜான் பால் பேச எழுந்தபோது, அவர் முகத்துக்கு நேரே அந்திக்கிறிஸ்து என்று கூவியவர். சொந்தமாக ஒரு சபையே நிறுவியவர். அவருக்கு விழுந்த வாக்குகளெல்லாம் வேதத்துக்கு விழுந்தவை என்று அவரே நம்பியிருப்பாரா, சந்தேகம்.

சண்டை நிலத்தின் மேல். பதினேழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஸ்காட்லாந்திலிருந்தும் இங்கிலாந்திலிருந்தும் புராட்டஸ்டன்டுகளைக் கொண்டுவந்து அல்ஸ்டர் நிலத்தில் குடியேற்றியதிலிருந்து தொடங்குகிறது. 1921இல் அயர்லாந்து பிரிந்தபோது, புராட்டஸ்டன்டுகள் பெரும்பான்மையாக இருக்கும்படி ஆறு மாவட்டங்களை வெட்டியெடுத்து வட அயர்லாந்து என்று பிரிட்டனோடு வைத்துக்கொண்டார்கள். உள்ளே அகப்பட்ட கத்தோலிக்கர் மூன்றில் ஒரு பங்கு. அடுத்த அரை நூற்றாண்டு நடந்ததை ஒரு வீட்டின் கதையில் சொல்லிவிடலாம். 1968இல் கேலிடன் என்ற கிராமத்தில் உள்ளாட்சி வீடு ஒன்று, 19 வயதான, மணமாகாத புராட்டஸ்டன்ட் பெண்ணுக்கு ஒதுக்கப்பட்டது. குழந்தை குட்டியோடு கத்தோலிக்கக் குடும்பங்கள் வரிசையில் காத்திருந்தன. ஆஸ்டின் கரி என்ற இளம் சட்டமன்ற உறுப்பினர் அந்த வீட்டுக்குள் போய் உட்கார்ந்துகொண்டார். போலீஸ் தூக்கி வெளியே போட்டது. வீடு வெறும் வீடு இல்லை: உள்ளாட்சித் தேர்தலில் வீட்டு வரி கட்டுகிறவருக்குத்தான் வாக்கு. வீடு கொடுக்காவிட்டால் வாக்கும் இல்லை. கத்தோலிக்கர் பெரும்பான்மையான டெரி நகரை, பிரிட்டனோடு இருக்க விரும்பிய யூனியனிஸ்டுகள் ஆண்டுகொண்டிருந்த சூட்சுமம் இதிலும் வார்டு எல்லையை வளைத்ததிலும் இருந்தது. ஆளுக்கொரு வாக்கு என்று கேட்டு 1968 அக்டோபரில் டெரியில் ஊர்வலம் போனவர்களைத் தடியால் அடித்தார்கள். அதற்குப் பிறகு முப்பது ஆண்டுகள். 3,500க்கும் மேற்பட்ட உயிர்கள். 15 லட்சம் பேர் வாழ்ந்த ஒரு சின்ன ஊரில். 1972ஆம் ஆண்டில் மட்டும் ஏறத்தாழ 480.

ஆக, அங்கே கத்தோலிக்கர், புராட்டஸ்டன்ட் என்பவை நம்பிக்கையைவிட முகவரியைத்தான் குறித்தன. எந்தப் பக்கத்தில் பிறந்தாய் என்பதுதான் கேள்வி. கோயில் பக்கமே போகாத நாத்திகனும் இரண்டில் ஒன்றாகத்தான் இருந்தாக வேண்டும். ஆனால் இதில் ஒரு சிக்கல் உண்டு, என் கவனம் முழுக்க அதன் மேல்தான். முகவரி முகத்தில் எழுதியிருக்காது. நிறமும் ஒன்று, உடையும் ஒன்று, பேச்சும் ஒன்று. இருட்டில் தனியாக நடந்து வருகிறவன் யார் என்று எப்படித் தெரியும்?

ஃபிராங்க் பர்ட்டன் என்ற சமூகவியலாளர் 1970களில் பெல்ஃபாஸ்டின் கத்தோலிக்கக் குடியிருப்பு ஒன்றில் தங்கி ஆராய்ந்தபோது இதைத்தான் கவனித்தார். அறிமுகமில்லாத இரண்டு பேர் பேசத் தொடங்கினால் சில நிமிடங்களுக்குள் ஒருவரை ஒருவர் தெரிந்துகொண்டுவிடுகிறார்கள், நேராகக் கேட்காமலே. பெயர் ஷேமஸா, வில்லியமா. எந்தப் பள்ளி: புனிதர் பெயர் தாங்கியதா, அரசுப் பள்ளியா. எந்தச் சாலை. கிளாஸ்கோ கால்பந்துக் குழுக்களில் செல்டிக் பக்கமா, ரேஞ்சர்ஸ் பக்கமா. ‘எச்’ என்ற எழுத்தைக் காற்றோடு உச்சரிக்கிறாரா, காற்றில்லாமலா. நகரத்தை டெரி என்கிறாரா, லண்டன்டெரி என்கிறாரா. இந்த வித்தையைக் குழந்தைகள் எழுத்தறிவதற்கு முன்பே கற்றுக்கொள்கின்றன. தமிழ் வாசகருக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ‘சொந்த ஊர் எது, அங்கே எந்தத் தெரு’ என்று பேச்சுவாக்கில் கேட்கப்படும் கேள்வி எதற்கென்று நமக்குத் தெரியும்.

2018இல் புக்கர் பரிசு வாங்கிய அன்னா பர்ன்ஸின் ‘மில்க்மேன்’ நாவலில் கதைமாந்தருக்குப் பெயரே கிடையாது. நடு அக்கா, மூன்றாவது மச்சான் என்றுதான் வருவார்கள். சிலர் அதை நவீனத்துவ உத்தி என்று பாராட்டினார்கள். அந்த ஊரில் பெயர் சொன்னாலே பாதிக் கதை முடிந்துபோகும் என்பதை அறிந்த ஒருத்தி எழுதியது என்றுதான் நான் வாசித்தேன்.

பேச்சில் நாசூக்காக நடக்கும் இந்த அறிதல், துப்பாக்கி வைத்திருப்பவன் கையில் வந்ததும் வேறாகிறது. ஷாங்கில் கசாப்புக்காரர்கள் என்று பத்திரிகைகள் பெயரிட்ட, யு.வி.எஃப். என்ற புராட்டஸ்டன்ட் ஆயுதக் குழுவைச் சேர்ந்த கும்பல் 1970களின் நடுவில் இரவில் காரில் சுற்றும். நகர மையத்திலிருந்து எந்தத் திசையில் நடக்கிறான் என்பதை வைத்து ஆளைப் பிடிக்கும். கத்தோலிக்கப் பகுதிக்குப் போகும் சாலையில் நடக்கிறவன் கத்தோலிக்கன். அவ்வளவுதான் ஆதாரம். பிறகு கத்தி. 1979இல் அந்தக் கும்பலைச் சேர்ந்த 11 பேருக்குத் தண்டனை கிடைத்தது. அவர்கள் 1976 பிப்ரவரியில் லாரியில் வந்த இரண்டு பேரைக் கத்தோலிக்கர் என்று நினைத்துச் சுட்டுக் கொன்றார்கள். இருவரும் புராட்டஸ்டன்டுகள்.

அதற்குச் சில வாரம் முன்பு, ஜனவரி 5 அன்று, ஆர்மா மாவட்டத்தில் கிங்ஸ்மில் என்ற இடத்தில் நடந்தது இதன் உச்சம். முதல் நாள் மாலை இரண்டு கத்தோலிக்க வீடுகளுக்குள் யு.வி.எஃப். ஆட்கள் புகுந்து சுட்டிருந்தார்கள். அந்தக் காயங்களில் மொத்தம் ஆறு பேர் இறந்தார்கள். மறுநாள் கிளெனான் ஊர்த் துணி ஆலையில் வேலை முடிந்து பெஸ்புரூக்குக்கு வேனில் திரும்பிக்கொண்டிருந்தார்கள் தொழிலாளர்கள். வழியில் கத்தோலிக்கர் சிலர் இறங்கிவிட்டார்கள். வேனில் மிச்சம் பதினோரு புராட்டஸ்டன்டுகளும் ஒரே ஒரு கத்தோலிக்கரும். இருட்டில் ஒருவன் டார்ச் விளக்கை ஆட்டி நிறுத்தினான். இராணுவச் சோதனை என்று நினைத்து இறங்கி வரிசையாக நின்றார்கள். புதரிலிருந்து முகமூடியும் துப்பாக்கியுமாக ஆட்கள் எழுந்தார்கள். கேள்வி ஒன்றுதான்: இதில் கத்தோலிக்கன் யார்?

வரிசையில் நின்றவர்களுக்கு ஒரு நொடியில் புரிந்தது. முந்திய நாள் கொன்றவர்கள் திரும்ப வந்திருக்கிறார்கள், இவனைக் கொல்லப் போகிறார்கள். பக்கத்தில் நின்ற புராட்டஸ்டன்ட் தொழிலாளர்கள் முன்னே போகாதே என்று அவர் கையைப் பிடித்து நிறுத்தப் பார்த்தார்கள். அந்த ஊரின் அத்தனை ஆண்டு வித்தையையும் மறந்து, தெரிந்ததைச் சொல்லாமல் மறைக்க நின்ற நேரம் அது. ஆனால் அவரே முன்னே வந்தார். திரும்பிப் பார்க்காமல் ஓடு என்றார்கள். அவர் ஓடினார். மிச்சமிருந்த பதினொருவரையும் சுட்டார்கள். பத்துப் பேர் செத்தார்கள். பதினெட்டுக் குண்டுக் காயங்களோடு ஒருவர் பிழைத்தார். சுட்டவர்கள் கத்தோலிக்கர்கள். யாரும் கேள்விப்படாத ஒரு பெயரில் பொறுப்பேற்றார்கள், கத்தோலிக்கத் தரப்பு ஆயுதக் குழுவான ஐ.ஆர்.ஏ.தான் செய்தது என்று 2011இல் காவல்துறையின் பழைய வழக்குகளுக்கான விசாரணைக் குழு முடிவு சொன்னது.

1995இல் நோபல் பரிசு ஏற்புரையில் ஷேமஸ் ஹீனி இந்தச் சம்பவத்தைச் சொன்னார். இருட்டில் பற்றிய அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு நம்பிக்கையின் பக்கம் நகர்ந்தார். கவிஞருக்கு அந்த உரிமை உண்டு. எனக்கு அங்கே நிம்மதி வரவில்லை. அந்த மனிதரைக் காப்பாற்ற நினைத்தவர்களின் கணக்கு தப்பாகிவிட்டது. கொலையாளிகளின் கணக்கோ தப்பவில்லை. அன்பைக்கூடத் தப்பாகப் பிரயோகிக்க வைக்கிற அளவுக்கு அந்த அடையாள இயந்திரம் துல்லியமாக வேலை செய்திருக்கிறது.

ஆயுதக் குழுக்கள் தங்களைக் காவலர்கள் என்று சொல்லிக்கொண்டன. அப்படிச் சொல்வதற்கு ஒரு முகாந்திரமும் இருந்தது. பம்பாய் தெரு எரிந்தபோது காப்பாற்ற ஆளில்லை என்ற கோபத்திலிருந்துதான் 1969 டிசம்பரில் ஐ.ஆர்.ஏ. பிளந்து புரொவிஷனல் பிரிவு வளர்ந்தது. மறுபுறம் தெருத் தெருவாக இருந்த புராட்டஸ்டன்ட் காவல் குழுக்கள் ஒன்றுசேர்ந்து 1971இல் யு.டி.ஏ. ஆயின. காவல் என்றால் வரவு செலவு உண்டல்லவா? கட்டட வேலை நடக்கும் இடங்களில் மாமூல், குடிப்பதற்குக் கிளப்புகள், வாடகைக் கார்கள். காவல் என்றால் தண்டனையும் உண்டு. திருட்டுப் பயல் என்று சொந்தப் பகுதிப் பையனைப் பிடித்து முழங்காலில் சுடுவார்கள். எத்தனை மணிக்கு எங்கே வர வேண்டும் என்று முன்கூட்டியே சொல்லியனுப்பி, அவனும் போய் நின்று சுடப்பட்ட சம்பவங்கள் உண்டு. எதிர்ப் பகுதியைக் காட்டிலும் சொந்தப் பகுதியின் மேல்தான் அவர்களுடைய பிடி இறுக்கம். சுவர் அந்தப் பக்கத்தவனைத் தடுப்பதற்கு மட்டும் இல்லை, இந்தப் பக்கத்தவனை உள்ளே வைத்திருப்பதற்கும் பயன்பட்டது.

பத்துக் குழந்தைகளின் தாய் ஒருத்தி. புராட்டஸ்டன்டாகப் பிறந்து கத்தோலிக்கரை மணந்து மதம் மாறியவள். கிழக்கு பெல்ஃபாஸ்டில் இருக்க விடாமல் புராட்டஸ்டன்டுகள் விரட்ட, மேற்கே டிவிஸ் அடுக்குமாடிக்கு வந்தார்கள். கணவர் நோயில் போய்ச் சேர்ந்தார். 1972 டிசம்பரில் ஐ.ஆர்.ஏ. அவளைக் குழந்தைகள் கண்ணெதிரே இழுத்துப்போனது, உளவு சொன்னாள் என்று. அந்தக் குற்றச்சாட்டுக்கு ஆதாரம் எதையும் காணவில்லை என்று பின்னால் காவல்துறை குறைதீர்ப்பாளர் சொன்னார். எலும்புகள் 2003இல் எல்லைக்கு அப்பால் ஒரு கடற்கரையில் கிடைத்தன. இரண்டு பக்கமும் தத்தம் முறைக்குத் தண்டித்துவிட்டன.

அரசு நடுவே நின்ற நடுவர் என்ற சித்திரத்தையும் இங்கேயே கிழித்துப் போட்டுவிடலாம். 1971 ஆகஸ்டில் விசாரணையில்லாமல் சிறைவைக்கும் நடவடிக்கை தொடங்கிய முதல் நாள் 342 பேரைப் பிடித்தார்கள். அதில் புராட்டஸ்டன்ட் ஆயுதக் குழுக்காரர் ஒருவர்கூட இல்லை. அதே ஆண்டு டிசம்பரில் பெல்ஃபாஸ்டில் மக்கர்க் மதுக்கடையில் யு.வி.எஃப். வைத்த குண்டில் 15 பேர் இறந்தபோது, ஐ.ஆர்.ஏ.காரர்களே தவறுதலாக வெடித்துக்கொண்டார்கள் என்று கதை கட்டினார்கள். 1972 ஜனவரி 30 அன்று டெரியில் நிராயுதபாணிகளான ஊர்வலத்தாரைப் பாராசூட் படை சுட்டதில் 13 பேர் அன்றே இறந்தார்கள், பதினான்காமவர் பின்னால். அவர்கள் குற்றமற்றவர்கள் என்று பிரிட்டிஷ் பிரதமர் நாடாளுமன்றத்தில் ஒத்துக்கொள்ள 2010 வரை ஆனது. நூற்றுக்கணக்கானோரைக் கொன்ற யு.டி.ஏ. 1992 வரை சட்டபூர்வமான அமைப்பு. கொலைக்கு வேறொரு பெயரைப் பயன்படுத்திக்கொண்டது; அந்தப் பெயரை மட்டும் அரசு தடைசெய்திருந்தது. அவர்களுக்குள் அரசாங்கம் ஆள் வைத்திருந்ததும், கொல்லப்பட வேண்டியவர்கள் பற்றிய தகவல் அந்த வழியாகக் கைமாறியதும் விசாரணை அறிக்கைகளில் பதிவாகியிருக்கிறது. இரண்டு காட்டுமிராண்டிக் கூட்டங்களின் பழைய பகை என்ற லண்டன் விளக்கம் யாருக்கு வசதி என்பதை யோசித்துக்கொள்ளலாம்.

பம்பாய் தெருவுக்குப் பக்கத்திலேயே கிளோனார்ட் மடம் இருக்கிறது. இரட்சகர் சபைத் துறவிகளின் மடம். அங்கே இருந்த அலெக் ரீட் பாதிரியாரைப் பற்றி எவ்வளவு எழுதினாலும் தகும். 1988 மார்ச்சில் மில்டவுன் கல்லறையில் ஐ.ஆர்.ஏ.காரர்களின் அடக்கத்தின்போது மைக்கேல் ஸ்டோன் என்ற புராட்டஸ்டன்ட் துப்பாக்கியும் கையெறி குண்டுமாகத் தாக்கி மூவரைக் கொன்றான். மூன்று நாள் கழித்து அந்த மூவரில் ஒருவரின் சவ ஊர்வலம். அதற்குள் சாதாரண உடையில் காரோட்டிக்கொண்டு இரண்டு பிரிட்டிஷ் இராணுவக் கார்ப்பரல்கள் மாட்டிக்கொண்டார்கள். இன்னொரு ஸ்டோன் வந்துவிட்டான் என்று கூட்டம் பாய்ந்தது. இழுத்து, அடித்து, உடையைக் கிழித்து, ஒரு காலிமனைக்குக் கொண்டுபோய்ச் சுட்டார்கள். குறுக்கே விழுந்து தடுத்த பாதிரியாரைத் தூக்கி எறிந்தார்கள். குண்டுச் சத்தம் ஓய்ந்ததும் திரும்பி ஓடி, மூச்சிருக்கிறதா என்று வாயோடு வாய் வைத்து ஊதிப் பார்த்தார். பிறகு இறுதிச் சடங்குக்குரிய எண்ணெய் பூசினார். உடலருகே மண்டியிட்டு, உதட்டில் இரத்தக் கறையோடு நிமிர்ந்து பார்க்கும் அவருடைய புகைப்படம் உலகப் பத்திரிகைகள் எல்லாவற்றிலும் வந்தது.

படத்தில் தெரியாதது ஒன்று உண்டு. அவர் கோட்டுப் பையில் ஓர் உறை. ஐ.ஆர்.ஏ.வின் அரசியல் பக்கமான ஷின் ஃபெய்ன் கட்சியின் தலைவர் ஜெரி ஆடம்ஸ் தரப்பு, மிதவாதத் தேசியவாதக் கட்சித் தலைவர் ஜான் ஹியூமுக்கு அனுப்பிய பேச்சுவார்த்தை ஆவணம். இரகசியத் தூது அவர்தான். உறை இரத்தத்தில் நனைந்துவிட்டது. மடத்துக்குப் போய் உறையை மாற்றினார்; காகிதத்தைக் கொண்டுபோய்ச் சேர்த்தார். அன்றைக்கு அவர் வீட்டுக்குப் போய்ப் படுத்திருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க முடியாது. ஆறு ஆண்டு கழித்து 1994 ஆகஸ்ட் 31 அன்று ஐ.ஆர்.ஏ. சண்டை நிறுத்தம் அறிவித்ததற்கு நீண்ட வேர் உண்டு. அதில் ஒரு நுனி அந்த உறைக்குள் இருக்கிறது. 2005இல் ஐ.ஆர்.ஏ. ஆயுதங்களைக் கைவிட்டதற்கு நேரடி சாட்சியாக அவரையும் ஹரால்ட் குட் என்ற மெதடிஸ்ட் போதகரையும் வைத்தார்கள்.

1998 பெரிய வெள்ளி ஒப்பந்தத்தை மதிக்காமல் பேசுகிறவன் இல்லை நான். 71 சதவீதம் பேர் அதற்கு வாக்களித்தார்கள். கொலை பெருமளவு நின்றது. ஆனால் ஒப்பந்தம் துப்பாக்கியை வாங்கிக்கொண்டதே தவிர, அந்த அறிதல் வித்தையை வாங்கிக்கொள்ளவில்லை. வாங்கியிருக்கவும் முடியாதோ என்னவோ. வடக்கு பெல்ஃபாஸ்டில் அலெக்சாண்ட்ரா பூங்காவை நடுவில் பிளந்து இரும்புச் சுவர் எழும்பியது 1994இல், சண்டை நிறுத்தத்தை ஒட்டி. அதில் ஒரு கதவு வைக்கவே 2011 ஆனது. அதுவும் பகலில் சில மணி நேரம் திறப்பதற்கு. எல்லாச் சுவர்களையும் 2023க்குள் எடுத்துவிடுவோம் என்று அரசு 2013இல் அறிவித்தது. எடுக்கவில்லை. சுவரை ஒட்டி வாழ்கிறவர்களிடம் கேட்டால் ஒருநாள் எடுக்கலாம், இப்போது வேண்டாம் என்பவர்களே கணிசம். அவர்களைக் கோழைகள் என்று சொல்ல எனக்கு வாய் வராது. 2001இல் ஆர்டோயினில் நான்கு முதல் பதினொரு வயது வரையான கத்தோலிக்கச் சிறுமிகள் ஹோலி கிராஸ் பள்ளிக்கு நடந்து போன பாதையின் இருபுறமும் கூடி நின்று அக்கம்பக்கத்தார் காறித் துப்பினார்கள். ஒரு நாள் குண்டே வீசினார்கள். ஒப்பந்தம் கையெழுத்தாகி மூன்று ஆண்டு ஆகியிருந்தது.

வேலை தருவதில் பாரபட்சம் கூடாது என்று 1989இல் வந்த சட்டம் நல்ல சட்டம். நிறுவனங்கள் தங்களிடம் கத்தோலிக்கர் எத்தனை, புராட்டஸ்டன்ட் எத்தனை என்று ஆண்டுதோறும் கணக்குக் கொடுக்க வேண்டும். படிவத்தில் பதில் சொல்ல விரும்பாமல் விட்டவரை என்ன செய்வது? அவர் படித்த பள்ளி போன்ற விவரங்களை வைத்து நிறுவனமே முடிவுசெய்துகொள்ளலாம். இருட்டுத் தெருவில் நடந்த அதே கணிப்பு, இப்போது நீதிக்காக, மனிதவள அலுவலகத்தில் நடக்கிறது. வேறு வழி இருந்ததா என்றால் எனக்குச் சொல்லத் தெரியவில்லை. பள்ளிகள் இன்றும் பெரும்பாலும் தனித்தனியேதான். இரண்டு தரப்புக் குழந்தைகளையும் சேர்த்துப் படிக்கவைக்கும் முதல் கலப்புப் பள்ளியான லேகன் கல்லூரி 1981இல் 28 மாணவர்களோடு தொடங்கியது. அத்தகைய பள்ளிகளில் படிப்போர் இன்றும் பத்தில் ஒரு பங்கைத் தொடவில்லை.

சட்டமன்றத்தில் ஒவ்வோர் உறுப்பினரும் யூனியனிஸ்ட், தேசியவாதி, மற்றவர் என்று தன்னைப் பதிவுசெய்ய வேண்டும். முக்கியமான வாக்கெடுப்புகளில் இரு தரப்பின் ஆதரவும் தனித்தனியே தேவை. ‘மற்றவர்’ வாக்குக்கு அந்தக் கணக்கில் இடமில்லை. 2001 நவம்பரில் டேவிட் டிரிம்பிளை முதல்வராகத் தேர்ந்தெடுக்க யூனியனிஸ்ட் வாக்குகள் போதவில்லை. இரண்டிலும் சேராத அலையன்ஸ் கட்சியினர் மூவர் தங்களை யூனியனிஸ்ட் என்று எழுதிக் கொடுத்து வாக்களித்து ஆட்சியைக் காப்பாற்றினார்கள். முப்பது ஆண்டு எதற்காகச் செத்தார்களோ அந்த அடையாளம் ஒரு வாக்கெடுப்புக்காகக் கைமாறியது. நான் அந்தச் செய்தியை முதலில் படித்தபோது வாய்விட்டுச் சிரித்தேன். இப்போதும் அது எனக்குக் கேவலமாகத் தெரியவில்லை. அந்த நாட்டில் அடையாளத்தை வைத்து நடந்த காரியங்களில் உருப்படியான ஒன்று.

செத்தவர்கள் விஷயத்தில் அந்த இளக்கம் நடக்கவில்லை. அயர்லாந்து சபையின் முன்னாள் பேராயர் ராபின் ஈம்ஸும், முன்னாள் கத்தோலிக்கப் பாதிரியார் டெனிஸ் பிராட்லியும் தலைமையேற்ற குழு 2009 ஜனவரியில் அறிக்கை வைத்தது. இறந்தவர் யாராக இருந்தாலும் குடும்பத்துக்கு 12,000 பவுண்டு என்பது பரிந்துரைகளில் ஒன்று. கொன்றவன் வீட்டுக்கும் கொல்லப்பட்டவன் வீட்டுக்கும் ஒரே தொகையா என்று வெளியீட்டு அரங்கிலேயே கூச்சல். ஒருவரை ஒருவர் முகத்துக்கு நேரே விரல் நீட்டித் திட்டினார்கள். பரிந்துரை கைவிடப்பட்டது. தாய்க்குத் தாய் துக்கம் ஒன்றுதான் என்று தூரத்திலிருந்து சொல்வது எளிது. குண்டு வைக்கப் போய்த் தானே செத்தவனின் தாயும், அந்தக் குண்டில் செத்த குழந்தையின் தாயும் அடுத்த தெருக்காரர்களாக இருக்கும் ஊரில் அதைச் சொல்லிப் பார்க்க வேண்டும்.

‘லாஸ்ட் லைவ்ஸ்’ என்ற புத்தகம் அதைத் தன் வழியில் செய்திருக்கிறது. பத்திரிகையாளர்கள் சிலர் ஆண்டுக்கணக்கில் உழைத்து 1999இல் வெளியிட்டது. ஆயிரத்து அறுநூறு பக்கம் போல வரும். இறந்த ஒவ்வொருவருக்கும் ஓர் எண், ஒரு பதிவு. இறந்த தேதி வரிசையில். போலீஸ்காரர், ஐ.ஆர்.ஏ.காரர், கடைக்குப் போன பெண் என்று தரம் பிரிப்பதில்லை, அடுத்தடுத்து வருகிறார்கள். ஆனால் பெயருக்குக் கீழே வயது, தொழில், மணமானவரா என்பவற்றோடு கத்தோலிக்கரா, புராட்டஸ்டன்டா என்பதையும் அந்தப் புத்தகம் குறிக்கத்தான் செய்கிறது. குறிக்காவிட்டால் பாதிக் கொலைகளுக்குக் காரணமே விளங்காது.

முதல் சில பதிவுகளிலேயே 77 வயது விதவை ஒருவர் வருகிறார், 1966இல். அந்த ஆண்டுதான் யு.வி.எஃப். புதிதாக முளைத்தது, புராட்டஸ்டன்டுகளைக் காப்பதற்கென்று. ஷாங்கில் பகுதியில் கத்தோலிக்கர் ஒருவர் நடத்திய மதுக்கடைக்கு அவர்கள் பெட்ரோல் குண்டு வைத்தார்கள். தீ பிடித்தது பக்கத்து வீட்டில். அங்கே குடியிருந்தவர் இந்தக் கிழவி. சில வாரம் கிடந்து இறந்துபோனார். பெயருக்குக் கீழே புராட்டஸ்டன்ட் என்று போட்டிருக்கிறது.